ஆப்பை அழித்தால் சந்தா நிற்காது



சேமிப்பு, உள்கடன், வங்கிக் கடன், வட்டிக் கணக்கு என்று எத்தனையோ விஷயங்களை இந்தப் பக்கத்தில் பேசியிருக்கிறோம். இந்த முறை கொஞ்சம் புது விஷயம்: செல்போனில் நடக்கும் பாட்டு வகுப்பு. "நமக்கும் பாட்டு வகுப்புக்கும் என்ன சம்பந்தம்?" என்று பக்கத்தைத் திருப்பிவிடாதீர்கள். நம் கூட்டமைப்பில் ஓர் உறுப்பினரின் தவணைப் பணம் குறைந்து போனதற்குக் காரணமே ஒரு பாட்டு வகுப்புதான்.

அந்தச் சகோதரி பெயர் போட வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார். "ஆனா விஷயத்தை எழுதுங்க, மத்தவங்களுக்கு ஆகாம இருக்கட்டும்" என்றார். அதனால் எழுதுகிறோம்.

நடந்தது என்ன?

அவருடைய மகள் எட்டாம் வகுப்பு படிக்கிறாள். பள்ளிக்கூடத்தில் பிரார்த்தனைப் பாட்டு அவள்தான் பாடுவாள். முறையாகக் கற்றுக்கொள்ள ஆசை. ஊரில் பாட்டு சொல்லித்தர ஆள் கிடையாது. டவுனுக்கு அனுப்பினால் திரும்பி வர பஸ் கிடையாது. அப்போது செல்போனில் ஒரு விளம்பரம் வந்தது. 'வீட்டிலிருந்தே சங்கீதம் கற்கலாம், 7 நாள் இலவசம், இப்போது 1 ரூபாய் மட்டும்.' ஒரு ரூபாய்தானே என்று அம்மாவே பின் நம்பர் போட்டுக் கொடுத்தார்.

பாடம் இந்தியில் வந்தது. சிக்னலும் சரியாகக் கிடைக்கவில்லை. நான்காம் நாளே மகள் "வேண்டாம்மா" என்று சொல்லிவிட்டாள். ஆப்பை அழித்தார்கள். முடிந்தது என்று நினைத்தார்கள்.

முடியவில்லை. எட்டாம் நாள் 599 ரூபாய் போனது. அடுத்த மாதம் 599. அதற்கடுத்த மாதமும் 599. மொத்தம் 1,797 ரூபாய். ஒவ்வொரு முறையும் ஆங்கிலத்தில் எஸ்.எம்.எஸ். வந்திருக்கிறது. ஏதோ விளம்பரம் என்று விட்டுவிட்டார்.

தவணை கட்டும் நாளில் கணக்கில் இருக்க வேண்டிய பணம் இல்லை. வீட்டில், "யாருக்குக் குடுத்த?" என்று கணவர் கேட்கிறார். இவருக்குப் பதில் தெரியவில்லை. வங்கியில் கேட்டால், "நீங்கதானே அனுமதி குடுத்திருக்கீங்க" என்கிறார்கள். கடைசியில் பழி மகள் மேல் விழுந்தது. "உன் பாட்டாலதான் எல்லாம்" என்று யாரோ ஒரு வார்த்தை சொல்லிவிட, அந்தப் பிள்ளை பள்ளியில் பாடுவதையே நிறுத்திவிட்டாள்.

அன்றைய கூட்டத்தில் இந்தச் சகோதரி அழுதுகொண்டேதான் பேசினார். குழுவின் கணக்காளர் அவருடைய செல்போனை வாங்கி, எஸ்.எம்.எஸ். ஒவ்வொன்றாகப் படித்தார். அப்போதுதான் விஷயம் வெளிச்சத்துக்கு வந்தது.

ஒரு ரூபாய்க்குள் இருந்தது என்ன?

அன்று அவர் கட்டியது ஒரு ரூபாய்தான். ஆனால் அந்தப் பின் நம்பரோடு சேர்த்து இன்னொன்றையும் கொடுத்துவிட்டார். 'இனி மாதாமாதம் 599 ரூபாய் எடுத்துக்கொள்ளலாம்' என்ற அனுமதி. இதற்கு 'ஆட்டோபே' என்று பெயர். சில இடங்களில் 'மேன்டேட்' என்றும் இருக்கும். யு.பி.ஐ.யில் இந்த வசதி 2020 ஜூலையில் வந்தது.

ஒரு தடவை பின் போட்டு அனுமதித்துவிட்டால், அடுத்தடுத்த மாதங்களில் பின் கேட்காது. பணம் தானாகப் போகும். இப்படிப் பின் கேட்காமல் எடுக்கக்கூடிய தொகையின் வரம்பை 2022 ஜூனில் ரிசர்வ் வங்கி 5,000 ரூபாயிலிருந்து 15,000 ரூபாயாக உயர்த்தியது. கரண்டு பில், இன்சூரன்ஸ் போன்றவற்றை மறக்காமல் கட்ட இது நல்ல வசதிதான். தெரியாமல் கொடுத்துவிட்டால்தான் தொல்லை.

பணம் எடுப்பதற்குக் குறைந்தது 24 மணி நேரம் முன்பே நமக்குத் தகவல் வர வேண்டும் என்பது ரிசர்வ் வங்கி விதி. எவ்வளவு தொகை, யாருக்கு, என்றைக்கு என்பது அதில் இருக்கும். 'எனக்கு வேண்டாம்' என்று விலகும் வழியும் இருக்க வேண்டும். ஆகவே அந்த எஸ்.எம்.எஸ். விளம்பரம் இல்லை. நமக்குக் கிடைக்கும் ஒரு நாள் அவகாசம் அது. ஆங்கிலத்தில் இருந்தாலும் தொகையும் தேதியும் எண்ணில்தான் இருக்கும். படிக்கத் தெரிந்த ஒருவரிடம் அன்றே காட்டுங்கள்.

இரண்டு முடிச்சு, இரண்டையும் அவிழ்க்க வேண்டும்

வீட்டுக்குத் தினமும் பால் வருகிறது என்று வையுங்கள். 'நாளையிலிருந்து பால் வேண்டாம்' என்று பால்காரரிடம் சொல்லாமல், பாத்திரத்தை மட்டும் உள்ளே எடுத்து வைத்துவிட்டால் மாதக் கடைசியில் கணக்கு வராமல் இருக்குமா? ஆப்பை அழிப்பது பாத்திரத்தை உள்ளே எடுத்து வைப்பது போலத்தான். கம்பெனிக்கு நாம் இன்னும் சந்தாதாரர்தான். வங்கிக்கு நாம் கொடுத்த அனுமதியும் அப்படியே இருக்கிறது.

முதல் முடிச்சு, கம்பெனியிடம் உள்ள சந்தா. இரண்டாவது முடிச்சு, நம் கணக்கில் உள்ள அனுமதி. இரண்டையும் ஒரே நாளில் அவிழ்த்துவிடுவது நல்லது.

சந்தாவை நிறுத்துவது எப்படி?

1. ஆப்பை அழித்திருந்தால் திரும்ப ஏற்றி, அதே போன் நம்பரில் உள்ளே போங்கள். நம் கணக்கு இருக்கும் இடத்தில் 'சப்ஸ்கிரிப்ஷன்' என்ற பகுதி இருக்கும். அதில் 'கேன்சல்' என்பதை அழுத்துங்கள். "போகாதீங்க, பாதி விலைக்குத் தர்றோம்" என்று இரண்டு மூன்று தடவை கேட்கும். கடைசித் திரை வரை போக வேண்டும். 'ரத்து ஆகிவிட்டது' என்று வந்ததும் அதை ஸ்கிரீன்ஷாட் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

2. 'பாஸ்' என்று ஒன்று இருக்கும். அது சில நாள் நிறுத்தி வைப்பதுதான். பிறகு தானாகத் திரும்ப ஓடும். நமக்கு வேண்டியது 'கேன்சல்'.

3. சந்தாவை கூகுள் பிளே ஸ்டோர் வழியாகக் கட்டியிருந்தால் அங்கேதான் நிறுத்த வேண்டும். பிளே ஸ்டோரைத் திறந்து, மேலே உள்ள நம் படத்தைத் தொட்டு, 'பேமென்ட்ஸ் அண்ட் சப்ஸ்கிரிப்ஷன்ஸ்' என்பதற்குள் போனால் ஓடிக்கொண்டிருக்கும் சந்தாக்கள் எல்லாம் வரிசையாகத் தெரியும். பணம் போய் 48 மணி நேரத்துக்குள் என்றால் கூகுளிடமே பணத்தைத் திரும்பக் கேட்கலாம். அதற்கு மேல் ஆகிவிட்டால் பெரும்பாலும் ஆப் கம்பெனியிடம்தான் கேட்க வேண்டியிருக்கும்.

4. எந்த வழியும் தெரியவில்லை என்றால், கம்பெனியின் இமெயிலுக்கு எழுதி அனுப்புங்கள். 'இன்ன தேதியிலிருந்து எனக்குச் சந்தா வேண்டாம்' என்று எழுதியதே நமக்குச் சாட்சி. போனில் மட்டும் சொல்லிவிட்டு விடாதீர்கள். குழுவில் தீர்மானத்தை நோட்டில் எழுதாமல் விடுவோமா? இதுவும் அப்படித்தான்.

அனுமதியை ரத்து செய்வது எப்படி?

நாம் பணம் அனுப்பும் யு.பி.ஐ. ஆப்பைத் திறந்து, நம் படம் அல்லது பெயர் உள்ள இடத்துக்குள் போனால் 'ஆட்டோபே' அல்லது 'மேன்டேட்' என்ற பகுதி இருக்கும். யார் யாருக்கு மாதாமாதம் பணம் எடுக்க அனுமதி கொடுத்திருக்கிறோம் என்பது அதில் தெரியும். வேண்டாததைத் தொட்டு ரத்து செய்யலாம். பின் நம்பர் கேட்டால், நாமே திறந்த நம் ஆப்பில், நம் கையால் போடலாம்.

ஏ.டி.எம். கார்டு நம்பர் கொடுத்துச் சேர்ந்திருந்தாலோ, வங்கிக் கணக்கிலிருந்தே நேரடியாகப் பிடிக்க அனுமதித்திருந்தாலோ, பாஸ்புக்கை எடுத்துக்கொண்டு கிளைக்குப் போங்கள். மேன்டேட்டை ரத்து செய்யக் கேட்டு ஒரு கடிதம் எழுதிக் கொடுங்கள். நகலில் வங்கி முத்திரையும் தேதியும் வாங்கிக்கொள்ளுங்கள். ரத்து செய்த பிறகும் பணம் பிடித்தால் வங்கியிடம் எழுத்தில் புகார் கொடுங்கள். 30 நாளில் பதில் வராவிட்டாலும், வந்த பதில் சரியில்லாவிட்டாலும் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் போகலாம். கட்டணம் கிடையாது. விவரம் கேட்க 14448 என்ற எண்.

கடனில் சேர்ந்திருந்தால் கவனம்!

இதை இரண்டு தடவை படியுங்கள். சில ஆன்லைன் வகுப்புகளில் ஒரு வருடக் கட்டணத்தை 'மாதத் தவணை' என்று சொல்லிச் சேர்ப்பார்கள். நாம் சந்தா என்று நினைப்போம். உண்மையில் ஒரு நிதி நிறுவனம் நம் பெயரில் கடன் போட்டு, மொத்தப் பணத்தையும் கம்பெனிக்குக் கொடுத்திருக்கும். ஆதார், பான் கார்டு, செல்ஃபி எல்லாம் கேட்டிருந்தால் அது கடனாக இருக்க வாய்ப்பு அதிகம்.

அப்படியிருக்க, வகுப்பு வேண்டாம் என்று ஆட்டோபேயை மட்டும் நிறுத்தினால் என்ன ஆகும்? கடன் கட்டவில்லை என்று நம் பெயர் சிபிலில் பதிவாகும். நாளைக்கு நமக்கு வங்கிக் கடன் வரும்போது அது குறுக்கே நிற்கும். ஆகவே முதலில் வகுப்பை எழுத்து மூலம் ரத்து செய்து, கடனை முடித்துக் கொடுக்கும்படி கம்பெனியிடம் கேளுங்கள். நிதி நிறுவனத்துக்கும் அதே நாளில் எழுதுங்கள். கடன் முடிந்தது என்ற சான்று கையில் வந்த பிறகு ஆட்டோபேயை நிறுத்துங்கள்.

செல்போன் வழியாக வாங்கும் கடனை ஆரம்ப நாட்களிலேயே வேண்டாம் என்று திருப்பிக் கொடுக்க ஒரு அவகாசம் தர வேண்டும் என்று 2022 செப்டம்பரில் ரிசர்வ் வங்கி உத்தரவு போட்டது. அசலையும் அந்தச் சில நாளுக்கான செலவையும் கட்டினால் போதும், அபராதம் கிடையாது. எத்தனை நாள் என்பது கடன் பத்திரத்தில் இருக்கும். அவகாசம் குறைவுதான். மனசு மாறினால் அன்றைக்கே கேட்டுவிட வேண்டும்.

போன பணம் திரும்ப வருமா?

உள்ளதை உள்ளபடி சொல்கிறோம். எல்லாம் வரும் என்று சொல்ல முடியாது. வகுப்பு நன்றாகத்தான் நடந்தது, நமக்குத்தான் பிடிக்கவில்லை என்றால், சேரும்போது கம்பெனி போட்ட நிபந்தனைப்படிதான் நடக்கும். 'ரீஃபண்ட் பாலிசி' என்ற தலைப்பில் அது இருக்கும்.

ஆனால் தமிழில் சொல்லித் தருவோம் என்று சொல்லி இந்தியில் நடத்தினால்? வாத்தியார் வராமலே வகுப்பு போனால்? ரத்து செய்த பிறகும் பணம் எடுத்தால்? அப்போது நாம் கேட்பது சலுகை அல்ல, உரிமை. நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் 2019, குறையுள்ள சேவையை நிறுத்திப் பணத்தைத் திருப்பித் தர மறுப்பதை முறையற்ற வணிகம் என்கிறது. ரசீதில் கெடு எதுவும் போடாவிட்டால் 30 நாளில் தந்தாக வேண்டும்.

ஆன்லைன் வியாபாரத்துக்கு 2020-ல் தனி விதிகள் வந்தன. ஒவ்வொரு கம்பெனியும் குறைதீர்க்கும் அதிகாரி ஒருவரை வைத்து, அவர் பெயரையும் தொடர்பு விவரத்தையும் வெளியிட வேண்டும். புகார் கிடைத்ததை 48 மணி நேரத்தில் அவர் ஒப்புக்கொள்ள வேண்டும். ஒரு மாதத்தில் தீர்க்க வேண்டும். அவர்களே டிக் போட்டு வைத்துவிட்டு 'நீங்கள் சம்மதித்தீர்கள்' என்று சொல்லக் கூடாது. சேருவது சுலபமாகவும் விலகுவது கஷ்டமாகவும் வைப்பது, ரத்து செய்யும் வழியை மறைப்பது, இலவசம் என்று சொல்லிப் பணம் எடுக்கும் அனுமதியைக் கட்டாயப்படுத்தி வாங்குவது, இதையெல்லாம் 'சந்தா வலை' என்று பெயர் சொல்லியே மத்திய அரசு 2023 நவம்பரில் தடை செய்தது.

எனவே, "நீங்கதானே சம்மதிச்சீங்க" என்று சொன்னால் வாயடைத்துப் போக வேண்டாம்.

கடிதம் எப்படி எழுதுவது?

நீளமாக எழுத வேண்டாம். கோபமாகவும் வேண்டாம். தேதியும் தொகையும் சரியாக இருந்தால் போதும். மாதிரி ஒன்று தருகிறோம்:

"குறைதீர்க்கும் அதிகாரி அவர்களுக்கு,
என் பெயர் ______. பதிவு செய்த போன் நம்பர் ______. ______ தேதியில் 1 ரூபாய் கட்டி, 7 நாள் இலவச வகுப்பில் சேர்ந்தேன். ______ தேதிக்குப் பிறகு வகுப்பைப் பயன்படுத்தவில்லை. ஆனாலும் ______, ______, ______ தேதிகளில் தலா 599 ரூபாய் எடுக்கப்பட்டுள்ளது. காரணம்: ______. என் சந்தாவை இன்றே ரத்து செய்து, 1,797 ரூபாயைப் பணம் எடுத்த அதே கணக்கில் திருப்பிச் செலுத்தும்படி கேட்டுக்கொள்கிறேன். பணம் எடுத்ததற்கான விவரங்களை இணைத்துள்ளேன். இந்தப் புகாரின் எண்ணைத் தெரிவிக்கவும்."

தமிழில் அனுப்பத் தயங்கினால் படித்த பிள்ளைகளிடம் கொடுத்து ஆங்கிலத்தில் மாற்றிக்கொள்ளுங்கள். வங்கி எஸ்.எம்.எஸ்., பாஸ்புக் பக்கம், விளம்பரத்தின் படம் இருந்தால் அதுவும் சேர்த்து அனுப்புங்கள். கணக்கு நம்பர் முழுசாகவோ, ஏ.டி.எம். கார்டு படமோ அனுப்ப வேண்டாம்.

பதில் வராவிட்டால் 1915. இது தேசிய நுகர்வோர் உதவி எண். கட்டணம் இல்லை. தமிழிலேயே பேசலாம். நம் புகாரைப் பதிவு செய்து எண் கொடுத்து, கம்பெனியிடம் பேசுவார்கள். இது கோர்ட் அல்ல. ஆனாலும் நம் கடிதத்துக்கு அசையாத கம்பெனி இதற்கு அசைவது உண்டு.

அதற்கும் மசியாவிட்டால் மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையம். கம்பெனி பெங்களூரிலோ டெல்லியிலோ இருந்தாலும் நாம் வசிக்கும் மாவட்டத்திலேயே வழக்குப் போடலாம். கொடுத்த பணம் 5 லட்சம் ரூபாய் வரை என்றால் கட்டணம் இல்லை. வக்கீல் இல்லாமல் நாமே பேசலாம். இரண்டு வருடத்துக்குள் போட வேண்டும்.

திருடனுக்கு இன்னொரு கதவைத் திறக்காதீர்கள்

பணத்தைத் திரும்ப வாங்கும் அவசரத்தில் பலர் செய்யும் தப்பு ஒன்று உண்டு. கம்பெனியின் கஸ்டமர் கேர் நம்பரை கூகுளில் தேடி, முதலில் வருவதற்குப் போன் போடுவது. அது ஏமாற்றுக்காரன் போட்டு வைத்த நம்பராக இருக்கலாம். "ரீஃபண்ட் தர்றோம் மேடம், இந்த லிங்கைத் தொடுங்க, பின் போடுங்க" என்பான். நம்பரை ஆப்புக்குள்ளிருந்தோ கம்பெனியின் சொந்தத் தளத்திலிருந்தோதான் எடுக்க வேண்டும்.

ஒன்றை மனப்பாடம் செய்துகொள்ளுங்கள். பணம் வாங்குவதற்குப் பின் நம்பர் தேவையே இல்லை. பின் போட்டால் பணம் போகும், வராது. யார் கேட்டாலும் ஓ.டி.பி. சொல்லக் கூடாது. போனில் வேறு ஆப்பை ஏற்றச் சொன்னால் ஏற்றக் கூடாது. ஏமாந்துவிட்டால் தாமதிக்காமல் 1930 என்ற சைபர் குற்ற எண்ணுக்குப் போன் செய்து, வங்கிக்கும் சொல்லுங்கள்.

அந்தச் சகோதரிக்கு என்ன ஆனது?

கூட்டத்தில் உட்கார்ந்தபடியே கணக்காளர் ஆட்டோபேயை ரத்து செய்ய வைத்தார். சந்தாவும் அன்றே ரத்தானது. கடிதம் போனது. 'எங்கள் நிபந்தனைப்படி பணம் திரும்பத் தரப்படாது' என்று ஒரே வரியில் பதில் வந்தது. 1915-க்குப் போன் செய்தார். சில வாரம் கழித்து இரண்டு மாதப் பணம் 1,198 ரூபாய் கணக்கில் வந்து சேர்ந்தது. முதல் மாதத்து 599 வரவில்லை. ஏழு நாளுக்குள் ரத்து செய்ய வேண்டும் என்று விளம்பரத்தின் அடியில் பொடி எழுத்தில் இருந்ததாம். "போகட்டும்க்கா, அது நான் படிச்ச படிப்புக்குப் ஃபீஸு" என்று சிரிக்கிறார் இப்போது.

குறைந்த தவணையை அந்த மாதம் குழுவே சேமிப்பிலிருந்து உள்கடனாகக் கொடுத்துச் சரிக்கட்டியது. யாரும் அவரைக் குறை சொல்லவில்லை. இதைத்தான் முக்கியமாகச் சொல்ல வேண்டும். மூன்று மாதம் அவர் வாய் திறக்காததற்குக் காரணம் வெட்கம். 'ஏமாந்துட்டேன்னு சிரிப்பாங்களோ' என்ற பயம். முதல் மாதமே கூட்டத்தில் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் 599-ஓடு நின்றிருக்கும்.

நம் குழுக்களில் என்ன செய்யலாம்?

அடுத்த கூட்டத்துக்கு எல்லோரும் செல்போனைக் கொண்டு வாருங்கள். பத்து நிமிஷம் ஒதுக்கி அவரவர் ஆட்டோபே பட்டியலைத் திறந்து பாருங்கள். தெரியாத பெயர் இருந்தால் விசாரியுங்கள். கடன் தவணையை மட்டும் தெரியாமல் ரத்து செய்துவிடாதீர்கள். பிள்ளைகளிடம் போன் கொடுக்கலாம், பின் நம்பர் கொடுக்க வேண்டாம். 'இலவசம்' என்று சொல்லிவிட்டுப் பின் நம்பர் கேட்கும் இடத்தில் நின்று யோசியுங்கள். சேர்ந்தே ஆக வேண்டும் என்றால், இலவச நாள் முடிவதற்கு இரண்டு நாள் முந்தைய தேதியைக் காலண்டரில் வட்டம் போட்டு வையுங்கள்.

பிள்ளைகளின் ஆசைக்கும் வழி இருக்கிறது. பல மாவட்டங்களில் தமிழக அரசின் கலை பண்பாட்டுத் துறை நடத்தும் அரசு இசைப்பள்ளி உள்ளது. குரலிசை, வயலின், மிருதங்கம், நாதசுரம், தவில், தேவாரம், பரதநாட்டியம் கற்றுத் தருகிறார்கள். 5 முதல் 16 வயதுப் பிள்ளைகளுக்கு ஜவகர் சிறுவர் மன்றம் இருக்கிறது. உங்கள் மாவட்டத்தில் எங்கே என்று கேட்டுப் பாருங்கள். ஆன்லைன் வகுப்பே வசதி என்றால் அதிலும் சேரலாம், தப்பில்லை. எப்படி நிறுத்துவது என்று தெரிந்துகொண்டு சேருங்கள்.

அந்த மகளைப் பற்றி ஒரு செய்தி. பணம் வந்த அன்று அம்மா அவளைக் கூப்பிட்டு, "தப்பு உன் பாட்டுல இல்லடி, நான் படிக்காம பின் போட்டதுல" என்று சொன்னாராம். மறுநாள் பள்ளிக்கூடத்தில் பிரார்த்தனைப் பாட்டு அவள்தான் பாடினாள்.